கரப்பான் வளர்க்கும் பெட்டி: காய்ச்சலும் பாய்ச்சலும்

கேள்வி இதுதான்: ஒருவர் மடகாஸ்கர் சீறும் கரப்பான் பத்து வாங்கப் போகிறார். கையில் பழைய மீன்தொட்டி ஒன்று இருக்கிறது. அடியில் என்ன போடுவது, எவ்வளவு சூடு வேண்டும், ஈரம் எவ்வளவு, கண்ணாடியில் ஏறி ஓடிவிடாமல் எப்படித் தடுப்பது?

கரப்பான் எதிலும் பிழைத்துக்கொள்ளும், அதற்குப் போய் வீடா என்ற நினைப்பில்தான் பலரும் முதலில் இடறுகிறார்கள். உலகில் இதுவரை விவரிக்கப்பட்ட கரப்பான் இனங்கள் ஏறத்தாழ 4,600. அவற்றில் மனிதர் குடியிருப்பில் ஒட்டிக்கொண்டவை 30 சொச்சம்தான். மீதியெல்லாம் காட்டுப் பூச்சிகள். சருகுக்கு அடியிலும் மட்கிய கட்டைக்குள்ளும் மரப்பட்டை இடுக்கிலும் வாழ்பவை. நீங்கள் வாங்கப் போவதும் அப்படித்தான். அடுக்களைக் கரப்பானின் வீறாப்பை அதனிடம் எதிர்பார்க்காதீர்கள். பூச்சி மருந்து வாடை பட்டால் சுருண்டுவிடும், வறண்ட பெட்டியில் தோலுரிக்க முடியாமல் செத்துப்போகும்.

வயலுக்குத் தண்ணீர் கட்டுகிறவர்கள் "காய்ச்சலும் பாய்ச்சலுமாக" என்பார்கள். ஒரு நாள் பாய்ச்சி, சில நாள் காயவிடுவது. கரப்பான் பெட்டிக்கும் அதே கணக்குதான், ஆனால் இங்கே அது நாளில் இல்லை, இடத்தில் இருக்கிறது. பெட்டியின் ஒரு முனை எப்போதும் ஈரம், மறு முனை எப்போதும் காய்ச்சல். எங்கே போய் இருப்பது என்பதைப் பூச்சி முடிவு செய்துகொள்ளும். பெட்டி கெட்டுப்போன கதைகளைக் கிளறிப் பார்த்தால், பெரும்பாலானவற்றில் இந்த ஏற்ற இறக்கம் இருந்திருக்காது. மொத்தப் பெட்டியும் சகதியாக இருந்திருக்கும், அல்லது மொத்தமும் உமியாகக் காய்ந்திருக்கும்.

பெட்டியும் மூடியும்

வளர்ந்த சீறும் கரப்பான் 5 முதல் 7.5 செ.மீ. நீளம் இருக்கும். பத்துக்கு 45 × 30 செ.மீ. தரையும் 30 செ.மீ. உயரமும் உள்ள தொட்டி தாராளம். உயரத்தைவிடத் தரைப்பரப்பு முக்கியம், தரையைவிட உள்ளே நிற்கும் மரப்பட்டை, முட்டை அட்டைகளின் பரப்பு முக்கியம். கரப்பான் காற்றில் வாழ்வதில்லை, ஏதோ ஒன்றின் மேல் முதுகோ வயிறோ ஒட்டியபடிதான் வாழ்கிறது. கண்ணாடித் தொட்டியின் நல்ல குணம் உள்ளே நடப்பது தெரிவது. கெட்ட குணங்கள் இரண்டு: கனம், அப்புறம் வெயில். சன்னல் ஓரம் வைத்த கண்ணாடித் தொட்டி, நேர் வெயில் படும் அரை மணியில் அடுப்பாகிவிடும். பார்வைக்கு அல்ல, பெருக்கத்துக்குத்தான் வளர்க்கிறீர்கள் என்றால் இறுக மூடும் பிளாஸ்டிக் டப்பாவே மேல். அதில் துளை போடுவது சுலபம், ஈரமும் நிற்கும்.

சீறும் கரப்பானின் பாதத்தில், இரண்டு நகங்களுக்கு நடுவில், ஒட்டும் தன்மையுள்ள சிறு மெத்தை உண்டு. செங்குத்தான கண்ணாடியில் தரையில் நடப்பதுபோலவே நடக்கும். ஆகவே மூடிதான் பூட்டு. சும்மா எடுத்து வைத்த கண்ணாடித் தகடு பூட்டாகாது. வளர்ந்த ஆண் ஒன்று முதுகைக் கொடுத்து நெம்பினால் லேசான மூடி எழும்பும். பிறந்த குஞ்சுக்கு அரை விரற்கடை இடுக்கு போதும். நாலு பக்கமும் கொக்கியோ கிளிப்போ வேண்டும்.

காற்றுக்கு இரண்டு சாளரம் வையுங்கள். ஒன்று மூடியில், மற்றொன்று பக்கச் சுவரில் அடிமண் மட்டத்துக்குச் சற்று மேலே. மீன்தொட்டியில் பக்கச் சுவரை வெட்ட முடியாதென்றால், மூடியிலேயே எதிரெதிர் முனையில் இரண்டு வையுங்கள். ஒவ்வொன்றும் உள்ளங்கை அளவு இருந்தால் போதும். வெட்டிய இடத்தில் உட்புறமாக உலோக வலையை வைத்து, சுற்றிலும் சூட்டுப் பசை ஊற்றி ஒட்டுங்கள். வலை எஃகாகவோ அலுமினியமாகவோ இருக்கட்டும், கண் 1 மி.மீ. அளவில் இருக்கட்டும். நைலான் கொசுவலையும் கண்ணாடியிழை வலையும் வேண்டாம். கரப்பானின் தாடை அதை ஓரிரு வாரத்தில் கத்தரித்துவிடும். பகல் முழுதும் கண்ணாடியில் நீர் முத்து முத்தாக நின்றால் காற்று போதவில்லை. ஈரப் பக்கம் ஒரே நாளில் காய்ந்துவிட்டால் காற்று மிஞ்சிவிட்டது, ஒரு சாளரத்தில் பாதியை டேப்பால் மூடுங்கள். இதற்குக் கருவியே தேவையில்லை.

மூடியைத் திறக்கும் அந்த இரண்டு நிமிடத்துக்காகத்தான் பெட்ரோலியம் ஜெல்லிப் பட்டை. உட்சுவரின் மேல்விளிம்புக்குக் கீழே, சுற்றிலும் 5 முதல் 8 செ.மீ. அகலத்துக்குத் தடவுங்கள். கெட்டியாக அப்பாதீர்கள். கண்ணாடியில் மூச்சுவிட்டால் படியும் மங்கல்போல இருந்தால் போதும். தடியாக அப்பினால் சூட்டில் உருகி வழியும். வழிந்தது குஞ்சின் பக்கவாட்டில் ஒட்டும். கரப்பானுக்கு மூச்சுத்துளைகள் உடம்பின் இரு பக்கமும் வரிசையாக இருப்பதால், அவை அடைபட்டால் மூச்சு முட்டிச் செத்துவிடும். பட்டையில் தூசியும் எச்சத்தூளும் படிந்துவிட்டால் அது பாலமாகிவிடுகிறது. மாதம் ஒருமுறை பழையதை முழுக்கத் துடைத்துவிட்டுப் புதிதாகத் தடவ வேண்டும், பழையதன் மேலேயே பூசக்கூடாது. பட்டையை நம்பி மூடியைத் திறந்துபோட்டுவிட்டுப் போகிற பழக்கம் மட்டும் கூடாது. பெரிய பூச்சி சில சமயம் அதையும் தாண்டும்.

நீங்கள் டூபியா என்ற இன்னொரு கரப்பானை வளர்க்க நினைத்திருந்தால் இந்தத் தலைவலி பாதி குறையும். டூபியாவால் வழவழப்பான சுவரில் ஏற முடியாது. ஆனால் பழைய பிளாஸ்டிக் டப்பாவில் விழுந்த கீறல்களைப் பிடித்து ஏறும். உட்சுவரில் ஓர் அகலமான பேக்கிங் டேப் ஒட்டிவிட்டால் அது தீர்ந்தது.

அடிமண்

தென்னை நார்த்தூளே அடிப்படை. உரம் கலக்காததாகப் பார்த்து வாங்குங்கள். செடிக்கென்று விற்கும் கலவைகளில் உரமணிகளும் பூச்சிமருந்தும் இருக்கக்கூடும். பைன், தேவதாரு மரத்தூளும் சீவலும் ஆகாது, அவற்றின் பிசினும் வாடையும் பூச்சிக்குக் கெடுதல். மணல் மட்டும் போட்டால் ஈரம் நிற்காது. தோட்டத்து மண்ணை அப்படியே அள்ளிப்போட்டால் எறும்பும் பூரானும் சேர்ந்தே வரும்.

நார்த்தூள் மூன்று பங்கு, நொறுக்கிய காய்ந்த இலைச்சருகு இரண்டு பங்கு, வெள்ளையாக மட்கிய கட்டைமரத் துண்டு ஒரு பங்கு. விரலால் அழுத்தினால் பொடியாகும் மரம் இருக்கிறதே, அதுதான். இப்படிக் கலந்தால் வீடும் தீனியும் ஒன்றாகிவிடும். சருகும் மரமும் மருந்து தெளிக்காத இடத்திலிருந்து வந்திருக்க வேண்டும். போடுமுன் அவற்றைக் கொதிநீரில் கால் மணி நேரம் வேகவிட்டு வடித்து உலர்த்துங்கள், அல்லது 100 பாகை செல்சியஸ் சூட்டில் ஓவனில் அரை மணி வையுங்கள். பூரான், சிலந்தி, உண்ணிகளின் முட்டை அதோடு போய்விடும்.

ஈரத்தை அளக்க உங்கள் கை போதும். ஒரு பிடி கலவையை எடுத்து இறுக்கிப் பிழியுங்கள். பிடித்த வடிவம் அப்படியே நின்று, விரலிடுக்கில் ஒரு சொட்டு தண்ணீர் எட்டிப்பார்த்தும் பார்க்காமலும் இருந்தால் அது ஈரப் பக்கத்துக்கான பதம். நாலைந்து சொட்டு வழிந்தால் இன்னும் உலர்ந்த தூளைச் சேருங்கள். கையை விரித்ததும் பொலபொலவென உதிர்ந்தால் அது காய்ச்சல் பக்கத்துக்கான பதம்.

சீறும் கரப்பானுக்கு ஈர முனையில் 6, 7 செ.மீ. ஆழம், காய்ச்சல் முனையில் 3 செ.மீ. போதும். அப்படிச் சரிவாகப் போடுங்கள். ஈர முனையின் ஒரு மூலையை வேண்டுமென்றே தண்ணீர் விடும் மூலையாக ஒதுக்கி, வாரம் இரண்டு முறை 30 முதல் 50 மி.லி. அங்கே மட்டும் ஊற்றுங்கள். மேலே மேலே தெளிப்பதைவிட இது நல்லது. தெளித்தால் மேல்சருகு நனைந்து பூசணம் பிடிக்கும், அடி காய்ந்தே கிடக்கும். மூலையில் ஊற்றினால் தண்ணீர் அடியில் பரவி மெல்ல மேலேறும். பெட்டிக்குள் காற்றின் ஈரப்பதம் 60 முதல் 70 சதவீதம் இருப்பது நல்லது. ஈரப்பதமானியைப் பெட்டியின் நடுவில், தரையிலிருந்து சற்று மேலே ஒட்டுங்கள். ஈர முனையில் வைத்தால் எப்போதும் 90 காட்டி உங்களைக் குழப்பும்.

ஈர முனையில் ஸ்பிரிங்டெயில்களை விட்டுவிடுவது கெட்டிக்காரத்தனம். எள்ளில் பாதிகூட இல்லாத வெள்ளைப் பூச்சிகள், பூசணம்தான் அவற்றுக்குச் சாப்பாடு. மரவட்டைபோல மட்கியதைத் தின்னும் ஐசோபாட் என்ற சிறிய வெள்ளை உயிரிகளும் சேர்ந்தால் எச்சமும் செத்த பூச்சியும் தானாக மறையும். காய்ச்சல் முனைக்கு அவை வராது, அங்கே உங்கள் கைதான் துப்புரவு செய்ய வேண்டும்.

ஒளியும் ஒளிவிடமும்

முட்டை அடுக்கி விற்கும் குழிவான காகித அட்டைகளைப் படுக்கவைக்காமல், நூலக அலமாரியில் புத்தகம் நிற்பதுபோல் நிறுத்தி அடுக்குங்கள். படுக்கவைத்தால் எச்சம் ஒவ்வொரு குழியிலும் தேங்கி, ஈரம்பட்டு நாறும். நிறுத்தினால் எல்லாம் தரைக்கு உதிர்ந்துவிடும். அட்டை காய்ச்சல் முனையில், மரப்பட்டை ஈர முனையில். ஈரம்பட்ட அட்டை இரண்டு வாரத்தில் கூழாகிவிடும். பார்க்க அழகாக வேண்டுமென்றால் முழுக்கக் கார்க் பட்டை வைக்கலாம். மரப்பட்டையின் உச்சிக்கும் சுவரில் தடவிய ஜெல்லிப் பட்டைக்கும் இடையில் குறைந்தது 10 செ.மீ. இருக்கட்டும், இல்லாவிட்டால் அதுவே ஏணி.

ஒளிவிடம் வெறும் வசதிக்கு அல்ல. தோலுரிக்கத் தலைகீழாகத் தொங்க ஒரு சொரசொரப்பான பரப்பு வேண்டும். சீறும் கரப்பான் குஞ்சு வளர்ந்த பூச்சியாகும்வரை ஆறு முறை தோலுரிக்கும். அந்த நேரம் பார்த்திருக்கிறீர்களா? காற்றை விழுங்கி உடம்பை உப்பவைக்கும். முதுகின் நடுக்கோட்டில் பழைய தோல் வெடிக்கும். உள்ளிருந்து பால்வெள்ளை நிறத்தில், கருங்கண்ணோடு, மெழுகுபோல மென்மையான ஒன்று நழுவி வரும். வெள்ளைக் கரப்பான் பிறந்துவிட்டது என்று படம் எடுத்துப் போடுபவர்கள் பார்ப்பது இதைத்தான். சில மணி நேரத்தில் பழுப்பேறிக் கடினமாகிவிடும். அதுவரை தொடாதீர்கள், அட்டையை நகர்த்தாதீர்கள். மேலே இன்னொன்று ஏறி மிதித்தால்கூடக் கோணலாகிவிடும். கழற்றிய தோலை அதுவே தின்றுவிடும், அதைப் பொறுக்கி எடுக்க வேண்டாம். பாதியில் தோல் சிக்கிச் சாகிறது என்றால் காற்று வறண்டிருக்கிறது என்று பொருள்.

விளக்கு தேவையில்லை. அறையின் பகலிரவு போதும். இரவில் பார்க்க ஆசையென்றால் மங்கலான சிவப்பு டார்ச் எடுத்துக்கொள்ளுங்கள். சிவப்பு ஒளி கரப்பான் கண்ணுக்கு அவ்வளவாக எட்டாது, சாதாரண விளக்கைக் கண்டு ஓடுவதுபோல் ஓடாது.

சூடு

24 பாகைக்கும் 30 பாகைக்கும் நடுவில் சீறும் கரப்பான் நன்றாக இருக்கும். 28 பாகைக்கு மேல் இருந்தால்தான் குஞ்சு போடுவது சுறுசுறுப்பாக நடக்கும். 20 பாகைக்குக் கீழே போனால் செத்துவிடாது. ஆனால் தின்பது குறையும், வளர்ச்சி நிற்கும், குஞ்சு கிடைக்காது. உங்கள் அறை ஆண்டு முழுதும் 26க்குக் குறையாது என்றால் சூடேற்றும் எந்தச் சாதனமும் வாங்க வேண்டாம்.

குறையும் என்றால் ஹீட் மேட் ஒன்று, அதாவது மின்சாரத்தில் சூடாகும் தட்டையான விரிப்பு. பெட்டிக்கு அடியில் வைக்காதீர்கள். இதைத்தான் அதிகம் பேர் தவறாகச் செய்கிறார்கள், காரணம் சொல்லிவிடுகிறேன். காட்டில் மேலே வெயில், கீழே குளிர்ச்சி. சூடு தாங்காத பூச்சி மண்ணுக்குள் இறங்கும். அடியிலிருந்து சூடு வரும் பெட்டியில், தப்பிக்க இறங்கும் பூச்சி சூட்டின் மடியிலேயே போய் விழுகிறது. அடியீரமும் காய்ந்து, மேலே மட்டும் ஈரமாகக் கிடக்கும். ஹீட் மேட்டைக் காய்ச்சல் முனையின் வெளிச்சுவரில், அடிமண் மட்டத்துக்கு மேலே ஒட்டுங்கள். அந்தச் சுவரில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் மூடக்கூடாது. மறுமுனை அறைச் சூட்டிலேயே இருக்கட்டும்.

சூடு குறித்த அளவை எட்டியதும் தானாக அணைக்கும் தெர்மோஸ்டாட் இல்லாமல் ஹீட் மேட்டை மின்சாரத்தில் செருகாதீர்கள். அதன் உணரியை வைக்கும் இடத்திலும் ஒரு வம்பு உண்டு. ஈர மண்ணுக்குள் புதைத்தால் அது எப்போதும் குளிர்ச்சியாகவே காட்டும், மேட் அணையவே அணையாது, சுவரோரம் 40 பாகையைத் தாண்டிவிடும். உணரியை மேட் இருக்கும் சுவரின் உட்புறம், பூச்சி வந்து ஒட்டும் அதே இடத்தில் டேப்பால் ஒட்டி, 30 பாகையில் வையுங்கள். ஒயரை மூடியின் ஓரத்தில் விட்டால் அங்கே ஓர் இடுக்கு விழும். துளை போட்டு, ஒயரைச் சுற்றிப் பசை ஊற்றி அடைத்துவிடுங்கள்.

எல்லாவற்றையும் அமைத்து, பூச்சி இல்லாமல் ஐந்து நாள் ஓட்டிப் பாருங்கள். காலையும் மாலையும் இரு முனைகளிலும் சூட்டைக் குறித்து வையுங்கள். திருத்துவது எதுவானாலும் அப்போதே திருத்திவிடலாம், பூச்சி வந்த பிறகு ஒவ்வொரு மாற்றமும் அதற்குத் தொல்லை.

தண்ணீரும் தீனியும்

தட்டில் தண்ணீர் வைத்தால் குஞ்சுகள் மூழ்கிச் சாகும். கூழாங்கல் நிரப்பிய ஆழமில்லாத மூடியில் வைக்கலாம், அல்லது தண்ணீர் ஊறிய ஜெல் மணிகளை வைக்கலாம். ஸ்பான்ஜ் வைக்கிற வழக்கம் பரவலாக இருக்கிறது. நான் அதை ஆதரிக்கவில்லை. நாலே நாளில் வழவழத்து நாறத் தொடங்கும், அதைக் கழுவிக்கொண்டே இருக்க யாருக்கும் பொறுமை இருப்பதில்லை. நல்ல ஈர முனையும் காய்கறித் துண்டும் இருந்தால் சீறும் கரப்பானுக்குத் தனியாகத் தண்ணீரே வைக்காவிட்டாலும் குடிமுழுகிப் போகாது.

உலர்தீனி: ஓட்ஸ் அல்லது கோதுமைத் தவிடு மூன்று பங்கு, பொடித்த மீன்தீனி அல்லது நாய்த்தீனி ஒரு பங்கு. காய்ச்சல் முனையில் ஒரு பாட்டில் மூடியில் வையுங்கள். பத்துப் பூச்சிக்கு ஒரு தடவைக்கு இரண்டு தேக்கரண்டி. மூன்று நாளில் பாதி மிச்சமிருந்தால் அடுத்த தடவை பாதியாகக் குறையுங்கள். புரதத்தை அள்ளிப்போட்டால் சீக்கிரம் வளரும் என்பது உண்மையும்தான், பொறியும்தான். கரப்பான் தேவைக்கு மிஞ்சிய நைட்ரஜனை யூரிக் அமிலமாக உடற்கொழுப்பில் சேர்த்துவைக்கும். அங்கே குடியிருக்கும் பிளாட்டபாக்டீரியம் என்ற பாக்டீரியா, பஞ்ச காலத்தில் அதைத் திரும்ப எடுத்துப் பயன்படுத்த உதவுகிறது. பஞ்சம் வராமலே புரதம் கொட்டிக்கொண்டிருந்தால் சேமிப்பு ஏறிக்கொண்டே போகும். கரப்பானைத் தின்பதன் வயிற்றுக்கும் அந்தச் சேமிப்பு போகும் என்பதால், ஓணானுக்கோ பல்லிக்கோ இரையாக வளர்ப்பவர்கள் இதைக் கட்டாயம் கவனிக்க வேண்டும். மறுபக்கம், புரதம் அறவே இல்லாத நெரிசலான பெட்டியில் ஒன்றின் மீசையை ஒன்று கடிக்கும், சிறகுள்ள இனங்களில் சிறகுகள் கந்தலாகும்.

காய்கறியில் கேரட்டுதான் என் முதல் தேர்வு. மெதுவாகவே வாடும், பூசணம் பிடிக்க நாளாகும், தண்ணீரும் தரும். கட்டைவிரல் தடிமனுக்கு ஒரு துண்டு. ஆப்பிள், வாழைப்பழம், பூசணி, கீரை எல்லாம் தின்னும். பழம் ஒரு நாளுக்கு மேல் உள்ளே கிடக்கக்கூடாது. தோலோடு போடுவதானால் நன்றாகத் தேய்த்துக் கழுவுங்கள். வாழை, ஆரஞ்சு போன்றவற்றின் தோலில் அறுவடைக்குப் பிறகும் மருந்து பூசுவதுண்டு, சந்தேகமிருந்தால் தோலைச் சீவிவிடுங்கள். எண்ணெய், உப்பு, மசாலா சேர்ந்த மிச்சம் மீதி எதையும் போடாதீர்கள்.

எத்தனை ஆண், எத்தனை பெண்

ஆணின் முன்முதுகுக் கவசத்தில் இரண்டு கொம்புபோல் துருத்தல்கள் இருக்கும், மீசை தடித்து மயிரடர்ந்திருக்கும். பெண்ணின் கவசம் கிட்டத்தட்ட வழவழப்பு, மீசை மெல்லியது. ஆண்கள் கொம்பால் முட்டித் தள்ளிக்கொள்ளும், வயிற்றின் நான்காம் கண்டத்து மூச்சுத்துளை வழியாகக் காற்றைப் பீச்சிச் சீறும். பெரும்பாலும் காயமில்லாத மல்யுத்தம்தான், ஆனால் ஒளிவிடம் ஒன்றே ஒன்று என்றால் தோற்றவன் வெட்டவெளியில் நின்று தேய்ந்துபோவான். பத்தில் இரண்டு ஆண், எட்டுப் பெண் நல்ல கலவை.

பெருக்கம் வேண்டாமென்றால் ஆண்களை மட்டும் வாங்குங்கள். வளர்ந்த பெண்ணைத் தனியாக வாங்கிவந்து "ஒன்றுதானே" என்று இருந்துவிடாதீர்கள், அது ஏற்கெனவே இணைசேர்ந்து வந்திருக்கலாம். சீறும் கரப்பான் முட்டைப்பையை வெளியே போட்டுவிட்டுப் போவதில்லை, உடம்புக்குள்ளேயே வைத்திருந்து சுமார் இரண்டு மாதத்தில் 20 முதல் 40 குஞ்சுகளை ஈனும். சில சமயம் வெள்ளையான முட்டைப்பை பின்புறம் நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்துப் பதறுவார்கள். காற்றாட வெளியே நீட்டிவிட்டு உள்ளிழுத்துக்கொள்ளும், அவ்வளவுதான். முழுவதுமாகக் கழன்று கீழே கிடந்தால்தான் கவலைப்பட வேண்டும். வறட்சி, அடிக்கடி கையில் எடுப்பது, பெட்டியை இடம் மாற்றுவது ஆகியவை அதற்கு வழக்கமான காரணங்கள்.

வேறு இனங்களுக்கு மாற்ற வேண்டியவை

மேலே சொன்ன அளவுகள் சீறும் கரப்பானுக்கு. பிளாபெரஸ் என்ற கரப்பான் வகையின் குஞ்சுகள் மண்ணுக்குள் புதைந்து வாழ்பவை, அவற்றுக்கு 10 செ.மீ.க்குக் குறையாத சருகுக் கலவை வேண்டும். தென்னிந்தியாவைச் சேர்ந்த, கறுப்பில் வெண்புள்ளி போட்ட தீரியா பெட்டிவெரியானா என்ற டோமினோ கரப்பானுக்கும் அப்படியே. அது முட்டைப்பைகளை மண்ணிலேயே உதிர்த்துவிடும். பழைய மண்ணைக் கொட்டினால் அடுத்த தலைமுறையையும் சேர்த்துக் கொட்டுகிறீர்கள். ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்துக் காண்டாமிருகக் கரப்பான் 30 கிராமுக்கு மேல் எடை போடும், காட்டில் ஒரு மீட்டர் ஆழம்வரை வளை தோண்டும், காய்ந்த யூகலிப்டஸ் இலைதான் அதன் தீனி. முதல் பூச்சியாக அதை வாங்காதீர்கள். பாஞ்ச்லோரா என்ற பச்சை நிறக் கரப்பான் அழகு, ஆனால் பறக்கும். ஜெல்லிப் பட்டை அதற்கு ஒரு பொருட்டே அல்ல.

எங்கே கெடுகிறது

நாற்றம்: நல்ல பெட்டி மழைக்குப் பின் காட்டு மண் மணக்கும். அமோனியா நெடி அடித்தால் எச்சம் நனைந்து கிடக்கிறது. அட்டைகளைத் தட்டி, காய்ச்சல் முனையின் மேல்மண்ணை வழித்து, தண்ணீரைக் குறையுங்கள்.

தீனி மேல் வெள்ளைப் பொடி ஊர்கிறது: தானிய உண்ணி. ஈரமும் புரதமும் மிஞ்சியதன் அடையாளம். உலர்தீனியை முழுதும் எடுத்துவிட்டு, ஒரு வாரம் கேரட் மட்டும் கொடுத்து, காற்றோட்டத்தைக் கூட்டினால் அடங்கும். சீறும் கரப்பானின் உடம்பிலேயே, கால் மூட்டுகளின் இடுக்கில், வெளிறிய சிற்றுண்ணிகள் ஓடுவதைப் பார்த்தால் அது வேறு சங்கதி. அதன் பெயர் குரோம்ஃபடோர்ஹோலேலாப்ஸ் ஷேஃபரி. கரப்பானோடு கூட்டுக்குடித்தனம் செய்யும், அதற்குத் தீங்கில்லை, அதைத் தேய்த்துக் கழுவ முயலாதீர்கள்.

எறும்பு: ஒரே இரவில் பெட்டியைக் காலி செய்யும், அதிலும் தோலுரித்த பூச்சியைத்தான் முதலில் பிடிக்கும். மருந்து தெளிக்கவும் முடியாது. பெட்டியை நாலு கால் உள்ள தாங்கியில் வைத்து, ஒவ்வொரு காலையும் தண்ணீர்க் கிண்ணத்தில் நிறுத்துங்கள். தண்ணீரில் ஒரு சொட்டு பாத்திரச் சோப்பு விட்டால் எறும்பு மிதந்து கடக்காது. தாங்கி சுவரைத் தொடக்கூடாது, ஒயரும் தரையில் புரளக்கூடாது.

மல்லாந்து கிடந்து கால் உதறுவது, ஒரே நேரத்தில் பலவற்றுக்கு: விஷம். கொசுவர்த்தி, திரவக் கொசுவிரட்டி, தெளிப்பான், நாய் பூனைக்குப் போடும் தெள்ளு மருந்து எல்லாவற்றிலும் பூச்சிக்கொல்லி இருக்கிறது. பெட்டி உள்ள அறையில் அவற்றைப் பயன்படுத்தாதீர்கள். நாயைத் தடவிய கையைக் கழுவாமல் பெட்டிக்குள் விடாதீர்கள். பட்டுவிட்டால் மாற்று மருந்து கிடையாது, பெட்டியைக் காற்றோட்டமான அறைக்கு மாற்றி, அடிமண்ணைப் புதிதாகப் போட்டுக் காத்திருப்பதுதான் வழி.

சுத்தம் செய்கிறேன் பேர்வழி என்று மாதாமாதம் எல்லாவற்றையும் கொட்டிக் கழுவுவதும் கெடுதலே. எச்சத்தின் வாசனைதான் கூட்டத்தை ஓரிடத்தில் சேர்த்துவைக்கிறது, குஞ்சுகள் பெரியவற்றின் எச்சத்தைத் தின்றுதான் குடல் நுண்ணுயிர்களைப் பெறுகின்றன. மூன்று, நான்கு மாதத்துக்கு ஒருமுறை பாதி மண்ணை மட்டும் மாற்றுங்கள். எடுத்ததைச் சல்லடையில் சலித்துக் குஞ்சுகளைத் திரும்ப விடுங்கள். சலிக்கும்போது முகக்கவசம் கட்டாயம். காய்ந்த எச்சத்தூளும் தோல்தூளும் ஒவ்வாமையையும் ஆஸ்துமாவையும் கிளப்பக்கூடியவை. வீட்டில் ஆஸ்துமாக்காரர் இருந்தால் அந்த வேலையைத் திறந்தவெளியில் செய்யுங்கள், பெட்டியைப் படுக்கையறையில் வைக்காதீர்கள்.

கையில் எடுக்கும்போது பட்டையிலிருந்து பிய்த்து இழுக்காதீர்கள். நகம் கொளுவியிருக்கும், இழுத்தால் பாதம் கழன்று பட்டையிலேயே தங்கிவிடும். பின்புறம் விரலால் மெல்லத் தட்டினால் முன்னே நடந்து உங்கள் மறு உள்ளங்கையில் ஏறிக்கொள்ளும். முடிந்ததும் கையைச் சோப்புப் போட்டுக் கழுவிவிடுங்கள்.

வாங்குமுன் இரண்டு காரியம். வெளிநாட்டுக் கரப்பான் இனங்களை வைத்திருக்க சில நாடுகளில் அனுமதி வேண்டும், சில இனங்களுக்குத் தடையே இருக்கிறது, உங்கள் ஊர்ச் சட்டத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள். அடுத்தது, மிச்சமாகும் குஞ்சுகளை என்ன செய்வீர்கள் என்பது. எட்டுப் பெண் ஒரு தடவை ஈன்றாலே இருநூறைத் தொடலாம். வாங்கிக்கொள்ள ஆள் இல்லையென்றால், மூடிய டப்பாவில் போட்டு உறைபெட்டியில் இரண்டு நாள் வைத்துவிடுங்கள். வெளியே மட்டும் விட்டுவிடாதீர்கள்.